இருபத்து நான்காவது நிமிஷம்

ஒரு நாள் சாயங்காலம் நான் வாயே திறக்காமல், பேசிப் பேசியே பதினான்கு பேரை ஐஸ் ஹவுஸிலிருந்து சேப்பாக்கம் வரை கூட்டிக்கொண்டு போயிருக்கிறேன். என் உதடு இரண்டும் கோந்து தடவிய மாதிரி ஒட்டிக் கிடந்தன. பேச்சு மட்டும் எனக்கு முப்பதடி முன்னால் நடந்து போய்க்கொண்டிருந்தது. அதைக் கேட்பதற்காக வங்கக்கடல் இருபது நிமிஷம் அலையை நிறுத்தி வைத்திருந்தது.

கடல் விஷயத்தை வேண்டுமானால் விட்டுவிடுங்கள். அது என் பழக்கதோஷம். மற்றதெல்லாம் அப்படியே நடந்தது. 1973, ஆகஸ்ட் மாதம், ஞாயிற்றுக்கிழமை.

என் பெயர் தணிகாசலம். வீடு வீடாகப் போய் கரண்ட்டு மீட்டர் பார்த்துக் குறித்துக்கொண்டு வருகிற உத்தியோகம். மயிலாப்பூரிலிருந்து சேப்பாக்கம் வரை எனக்குத் தெரியாத கட்டடம் கிடையாது. ஆனால் மற்றவர்களுக்கு முகப்பு தெரியும், எனக்கு முதுகு தெரியும். மீட்டரை எவன் வாசலில் மாட்டுகிறான்? மாடிப்படிக்கு அடியில், சமையற்கட்டுக்குப் பின்னால், நாய் கட்டியிருக்கிற இடத்துக்கு ஒரு முழம் தள்ளி, அங்கேதான் மாட்டுவான். பெரிய பெரிய பேராசிரியர்களின் வீட்டை எல்லாம் நான் பின்பக்கமாகவே அறிவேன்.

போகிற இடத்தில் பார்த்ததை வந்து சொல்லுவேன். சொல்லும்போது கொஞ்சம் வளரும். ஒரு தடவை மழையில் மீட்டர் பெட்டியைத் தொட்டதும் ஷாக் அடித்து, என் முப்பத்திரண்டு பல்லும் அரைமணி நேரம் ட்யூப்லைட்டாக எரிந்தன. அந்த வெளிச்சத்திலேயே மீட்டரைப் படித்துக் குறித்துக்கொண்டு வந்தேன். தெருவில் எல்லோரும் வாயைப் பிளந்து கேட்டார்கள். கேட்காதவள் ஒருத்திதான், என் பெண்டாட்டி தேவானை.

அவள் கச்சேரி ரோட்டில் பழைய பேப்பர் கடை ஒன்றில் தராசு பிடிக்கிறவள். ஈரப் பேப்பர் கட்டைக் கையால் ஒரு அமுக்கு அமுக்கிவிட்டு, "இதுல அரைக் கிலோ தண்ணி கீது, எடுத்துக்கினு போ" என்று சொல்லிவிடுவாள். என் பேச்சையும் அதே கையால்தான் அமுக்கிப் பார்ப்பாள். கல்யாணமாகி ஒன்பது வருஷத்தில் நான் சொன்ன எதற்கும் அவள் "ஆமாம்" என்று சொன்னது கிடையாது. மணி என்ன என்று அவள் கேட்டு நான் சொன்னால்கூட, எதிர் வீட்டுக்குப் போய் இன்னொரு தடவை கேட்டுக்கொண்டு வருவாள்.

என்னை முழுசாக நம்பியவன், அப்படி நான் நினைத்தவன், கணேசமூர்த்தி. திருநெல்வேலிக்காரன். அண்ணன்மார்களுக்கு ரங்கநாதன் தெருவில் ஜவுளிக்கடை. இவன் மட்டும் துணிப்பக்கம் போகாமல் பாண்டி பஜாருக்குப் பின்னால் ஒரு சந்தில் ரேடியோ ரிப்பேர் கடை போட்டான். எட்டு வருஷம் நாங்கள் சேர்ந்து மத்தியானச் சாப்பாடு சாப்பிட்டோம். தேவானை கட்டிக்கொடுக்கிற கருவாட்டுக் குழம்பு அவனுக்கு. அவன் வீட்டுத் தேங்காய்ப்பால் சொதி எனக்கு. சோல்டரிங் அயர்ன் கையில் புகைந்துகொண்டிருக்க, "மேல சொல்லும்வே, பல்லு எரிஞ்சுதே, அப்புறம்?" என்று கேட்பான். கதை கேட்க அவனைப் போல் ஒருவன் பிறந்ததில்லை.

அந்த வருஷம் ஜூலையில் அவன் கடைக்கு ஒரு பெரிய மனிதர் ரேடியோ சரிபார்க்க வந்துபோனாராம். மாணிக்கவாசகம், கீழைக்கடல் தமிழ்ப் பேரவையின் செயலாளர். மலேசியாவிலிருந்து பதினான்கு தமிழாசிரியர்கள் வருகிறார்கள்; சாந்தோமில் ஒரு பங்களாவில் தங்குகிறார்கள்; நம்முடைய பல்கலைக்கழகப் பகுதியை நடந்தே பார்க்க ஆசைப்படுகிறார்கள்; கூட்டிக்கொண்டு போக ஆள் இல்லை, ஞாயிற்றுக்கிழமை என்றதும் தொண்டர்கள் எல்லோருக்கும் காய்ச்சல் வந்துவிட்டது. இதை அவர் சொல்லிப் புலம்பிவிட்டுப் போனதைக் கணேசமூர்த்தி எனக்குச் சொன்னான்.

"ஆளு எதுக்கு?" என்றேன். "உன் கடையில அந்த சிங்கப்பூர் டேப்ரிக்கார்டர் பெட்டி கீதே, அத்தைத் தோள்ல மாட்டி அனுப்பு. பெட்டியே பேசிக்கினு கூட்டிக்கினு போவும்."

சொதியை உறிஞ்சிக்கொண்டிருந்தவன் அப்படியே நிறுத்தினான். "என்னவே சொல்லுதீரு?"

"நான் நடப்பேன். நடந்துகினே பேசுவேன். நீ பிடிச்சு வெச்சுக்கோ. அப்பால அவங்கோ நடப்பாங்கோ. என் பேச்சு அவங்களோட நடக்கும். நான் வூட்ல குந்திக்கினு வேர்க்கடலை தின்னுவேன்."

"தணிகாசலம், உமக்கு மண்டையா மின்சார வாரியமாவே!" என்று என்னைக் கட்டிக்கொண்டான். சட்டையெல்லாம் சொதி.

மூன்று ஞாயிற்றுக்கிழமை, சாயங்காலம் நாலு மணிக்கு, அந்தப் பெட்டியை நான் தோளில் மாட்டிக்கொண்டு சாந்தோமிலிருந்து பல்கலைக்கழகத்துச் செனட் மண்டபம் வரை நடந்தேன். இரண்டு வாரம் ஒத்திகை, மூன்றாவது வாரம் ஒரே மூச்சில் பதிவு. பின்னாலேயே கணேசமூர்த்தி ஒரு நோட்டுப்புத்தகத்தோடு வந்தான். என்னிடம் இருந்தது ஒரே கொள்கை: என் கால் நடக்கிற வேகத்துக்குத்தான் வாய் போகவேண்டும். பஸ் வந்தால் நானும் நிற்பேன், பேச்சும் நிற்கும். தண்ணீர்ப் பந்தலில் ஒரு டம்ளர் குடித்தேன், குடிக்கிற சத்தம் மட்டும் பதிவாயிற்று. வழியில் பிள்ளையார் வந்தால் செருப்பைக் கழற்றிவிட்டு மூன்று குட்டு. அந்த மூன்று டொக்கும் டேப்பில் இருந்தன. கேட்கிறவனும் நின்று குட்டிக்கொள்ள நேரம் வேண்டாமா?

வலது, இடது என்றெல்லாம் சொல்லவில்லை. "கடல் காத்து வலது கன்னத்துல பட்டுக்கினே இருக்கணும் நைனா. மூஞ்சியில அடிச்சா ரோட்டைத் தாண்டிட்டே, திரும்பு" என்று சொன்னேன். முகப்பைக் காட்டியபின் முதுகையும் காட்டினேன். எந்தத் தூணுக்குப் பின்னால் புறா முட்டையிடும், எந்தச் சந்தில் நிழல் இருக்கும், எல்லாம். மொத்தம் நாற்பத்து நாலு நிமிஷம். கேசட்டின் ஒரு பக்கம் நாற்பத்தைந்து. ஒரு நிமிஷம் பாக்கி வைத்தவன் உலகத்தில் நான் ஒருவன்தான்.

கடைக்குத் திரும்பிப் போட்டுக் கேட்டோம். என் குரலை நான் அன்றைக்குத்தான் முதல்முதலாகக் கேட்டேன். வேறு யாரோ என்று நினைத்துக் கொஞ்ச நேரம் மரியாதையாக உட்கார்ந்திருந்தேன். கணேசமூர்த்தி சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டான். "ஒரு எழுத்தை மாத்த மாட்டேன்வே. உம்ம குரலுதான், உம்ம பேருதான். மேடையில உம்மைத்தான் ஏத்துவேன்" என்றான். என் கையைப் பிடித்துக்கொண்டுதான் சொன்னான்.

அன்றைக்கு இரவுக்குள் எங்கள் தெரு முழுக்கத் தெரிந்துவிட்டது. தெருவுக்குச் சொல்லும்போது மலேசியா பதினான்கு நாடாகி, ஆசிரியர்கள் மந்திரிகளாகிவிட்டார்கள் என்பதை மறைக்கவில்லை. ஆனால் தேவானையிடம் மட்டும் ஒரு சொல் கூட்டாமல் சொன்னேன். உள்ளது உள்ளபடி. எனக்கே நாக்கு கூசியது.

அவள் அரிசி களைந்துகொண்டே கேட்டாள். "உன் கொரலைக் கேட்டுக்கினு வெளிநாட்டு வாத்தியாருங்கோ நடக்கப் போறாங்களா? நம்ம வூட்டு ஆடே நடக்காதுய்யா."

"ஞாயித்துக்கிழமை வந்து உன் காதால கேளு."

"வரேன். வந்து கேட்டுட்டு, அப்பால பேசிக்கறேன்."

அதுதான் எனக்கு வேண்டியிருந்தது. மேடையும் மாலையும் வேண்டாம். வாழ்நாளில் நான் கலப்படம் செய்யாமல் சொன்ன ஒரே விஷயம் இது. இதற்கு அவள் ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, "ஆமாம்யா, நடந்துச்சு" என்று சொல்லவேண்டும்.

அந்த ஞாயிற்றுக்கிழமை புதுச் சட்டை. காலரில் கஞ்சி ஏறிக் கழுத்தை அறுத்தது. தேவானை கடைக்குப் போகிற அதே சேலையில்தான் வந்தாள். "நெசமா இருந்தா திரும்பிப் போய் மாத்திக்கினு வரேன்" என்றாள்.

பங்களாத் தோட்டத்தில் பதினான்கு ஆசிரியர்களும் கையில் நோட்டுப்புத்தகத்தோடு வரிசையாக நின்றார்கள். மாணிக்கவாசகம் பட்டுத் துண்டு போட்டு நடுவில் நின்றார். பக்கத்தில் கணேசமூர்த்தி. அவனுக்கும் புதுச் சட்டை. என்னைப் பார்த்ததும் அவன் கண் பெட்டிப் பக்கம் போய்விட்டது. வேலை மும்முரம் என்று நினைத்துக்கொண்டேன். அவ்வளவு நல்ல மனசு எனக்கு.

மாணிக்கவாசகம் பேசினார்: "ஆள் துணையின்றி ஒரு குரலே நம்மை வழிநடத்தும் இந்த அரிய முயற்சியை எண்ணி, எழுதி, தம் சொந்தக் குரலிலேயே பதிவு செய்திருப்பவர் நண்பர் கணேசமூர்த்தி."

கைதட்டினார்கள். பேரை மாற்றிச் சொல்லிவிட்டார் என்று நினைத்து நானும் தட்டினேன். பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டிருந்த ஆசிரியர் அய்யாதுரை பொத்தானை அமுக்கினார்.

"அன்பார்ந்த அயலகத் தமிழ்ச் சான்றோர்களே! அறிவுப் பேராழியின் கரையிலே உங்களை வரவேற்பதில்..."

கணேசமூர்த்தியின் குரல். மூக்கைப் பிடித்துக்கொண்டு ரேடியோவில் செய்தி வாசிப்பது போல.

தட்டிய கையைப் பிரிக்க எனக்குத் தோன்றவில்லை. இரண்டு உள்ளங்கையும் ஒட்டிக்கொண்டு கும்பிடுகிற மாதிரி அப்படியே நின்றன. அந்தக் கேசட் ஒன்றே ஒன்றுதான். சிங்கப்பூரிலிருந்து வந்தது, வேறு கிடையாது. அதன்மேல் இவன் பேசியிருக்கிறான் என்றால் என்னை அழித்துவிட்டுத்தான் பேசியிருக்கிறான். அவன் ஒரு வார்த்தை வைக்க என் வார்த்தை ஒன்று போயிருக்கும். புறா, பந்தல், பிள்ளையார், எல்லாம் போயிருக்கும். கடைக்குள் தனியாக உட்கார்ந்து, நான் சாப்பிட உட்காருகிற அதே முக்காலியில் உட்கார்ந்து, இதைச் செய்திருப்பான்.

தேவானை என் காதருகே வந்தாள். "இன்னாய்யா, உன் கொரலு இன்னிக்கு திருநெல்வேலிக்குப் போய்ட்டு வந்த மாதிரி கீது?"

ஆசிரியர்கள் பெட்டியோடு நடக்கத் தொடங்கினார்கள். அவர்களுக்கு முன்னால் செனட் மண்டபம் போய்ச் சேர, கணேசமூர்த்தி மாணிக்கவாசகத்தின் காரில் ஏறப் போனபோது மறித்தேன்.

"இன்னாடா இது?"

"சத்தம் போடாதேயும்வே." அவன் தரையைப் பார்த்துப் பேசினான். "இன்னா, கீதுன்னு பேசினா வாத்தியார்மாரு என்ன நினைப்பாக? மாணிக்கவாசகம் ஐயா கேட்டா காறித் துப்பிருவாரு. உம்ம விஷயத்தைத்தான் எடுத்து நல்ல தமிழ்ல போட்டிருக்கேன். சந்து, சாக்கடை, சலவைக்கல்லு எல்லாம் தள்ளிட்டேன். நீரு சும்மா நின்ன இடம் வேற பாதி டேப்பு. எவ்வளவு வேஸ்ட்டு!"

"அப்போ உன் பேரு எப்படி வந்துச்சு? என் யோசனைன்னு நான் போய்ச் சொல்றேன்."

அப்போதுதான் அவன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான். எட்டு வருஷம் கதை கேட்ட அதே கண்.

"போய்ச் சொல்லும். பல்லு லைட்டா எரிஞ்சதையும் சேர்த்துச் சொல்லும். உம்மை யாருவே நம்புவா? உம்ம வீட்டுக்காரியே நம்ப மாட்டா."

கார் போய்விட்டது. எனக்குக் கோபம் வரவில்லை. கோபம் வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவன் என் கதைகளை ரசித்துக் கேட்டான் என்று நினைத்திருந்தேன். ஒவ்வொன்றாகக் கேட்டு, இவனை யாரும் நம்பமாட்டார்கள் என்று கணக்காக அடுக்கி வைத்திருக்கிறான். அந்தக் கருவாட்டுக் குழம்பை எல்லாம் திருப்பிக் கேட்கலாமா என்றுகூட ஒரு நிமிஷம் யோசித்தேன்.

"வா, பஸ்ஸைப் பிடிக்கலாம்" என்றாள் தேவானை.

"அவங்க பின்னாடியே நடந்து போய்ப் பிடிக்கலாம்" என்றேன். ஏன் சொன்னேன் என்று தெரியவில்லை. நான் பேசின பாதை அது. அதில் எவன் பேசுகிறான் என்று பார்க்கவேண்டும் போல் இருந்தது.

கடற்கரைச் சாலையில் அவர்கள் முன்னால், நாங்கள் முப்பதடி பின்னால். நாலே நிமிஷம் ஆகியிருக்கும். பெட்டி சொன்னது: "இதோ, உங்கள் இடப்புறம், செம்மை பூண்ட சுவர்களுடன், எண்ணற்ற மங்கையர்க்கு அறிவூட்டிய கல்வித் தாய் அமைதியே வடிவாக வீற்றிருக்கிறாள். வணங்குவோம்!"

பதினான்கு பேரும் இடப்பக்கம் திரும்பினார்கள். ஒரு எருமை படுத்து அசை போட்டுக்கொண்டிருந்தது. நல்ல மனிதர்கள், இரண்டு பேர் வணங்கியும் விட்டார்கள். பெண்கள் கல்லூரிக்கு இன்னும் பதினைந்து நிமிஷ நடை இருந்தது.

எனக்கு அப்போதே விளங்கிவிட்டது. கணேசமூர்த்தி நடக்கவில்லை. ஃபேனுக்கு அடியில் உட்கார்ந்து நோட்டைப் படித்திருக்கிறான். நான் பஸ்ஸுக்கு நின்றது, தண்ணீர் குடித்தது, குட்டிக்கொண்டது எல்லாவற்றையும் வேஸ்ட் என்று வெட்டியிருக்கிறான். அவன் வாய் ஓடுகிறது, இவர்கள் கால் நடக்கிறது. பன்னிரண்டாவது நிமிஷம் ஐஸ் ஹவுஸின் வட்டமான அழகைப் பற்றிச் சொன்னான். அவர்கள் ஒரு வட்டமான தண்ணீர்த் தொட்டியைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார்கள். பதினெட்டாவது நிமிஷம் மாநிலக் கல்லூரியின் ஓங்கிய மாடங்களைச் சொன்னான். அந்த இடத்தில் ஓங்கி இருந்தது ஒரு பனைமரம்.

தேவானை முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நான் சிரிக்காத ஒரே தமாஷ் அதுதான்.

ஐஸ் ஹவுஸைத் தாண்டுகிற இடத்தில், "இப்போது இடப்புறமுள்ள வளைவு வாயிலினுள் நுழையுங்கள்" என்றது பெட்டி. பல்கலைக்கழக வாயில் ஒன்றரைக் கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. இவர்கள் கண்ணில் பட்ட முதல் வளைவுக்குள் நுழைந்தார்கள். ஒரு சந்து. சந்துக்கு உள்ளே சலவைத் துறை. நாங்களும் நுழைந்தோம்.

"எதிரேயுள்ள கற்படிகளில் ஏறி நில்லுங்கள்."

ஏறினார்கள். துவைக்கிற கல் பத்துப் பதினைந்து வரிசையாகக் கிடந்தன. தங்கபுஷ்பம் என்ற ஆசிரியை செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு ஏறினார். "அலாமா, வழுக்குதே சார்!" அலாமா என்றால் அவர்கள் ஊர் ஐயோ.

"இங்குதான், பட்டமளிப்பு நாளன்று, கருநிற அங்கி தரித்த இளைஞர்கள் அணிவகுத்து நிற்பர்!"

கயிற்றில் வரிசையாகக் கறுப்புப் பேண்ட்டுகள் சொட்டிக்கொண்டிருந்தன. துவைத்துக்கொண்டிருந்த ஆள் கையிலிருந்த துணியோடு நிமிர்ந்து நின்றார்.

"இத்துடன் நம் அறிவுப் பயணம் இனிதே நிறைவுற்றது. நன்றி. வணக்கம்."

பதினான்கு பேர் பதினான்கு கல்லின்மேல் நின்றார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். கடைசியில் அய்யாதுரை தயங்கித் தயங்கி, "இதுதான் யூனிவர்சிட்டியா?" என்று துவைக்கிறவரைக் கேட்டார்.

"யாரு நைனா நீங்கோ?" என்றார் அவர்.

பெட்டியை நிறுத்த அய்யாதுரைக்குக் கை வரவில்லை. இரண்டு கையையும் விரித்துக் கல்லின்மேல் விழாமல் நின்றுகொண்டிருந்தார். பெட்டி கொஞ்சம் இரைந்தது. டக் என்று ஒரு சத்தம். அப்புறம்:

"...நிழலுக்காவ இந்தச் சந்துல புகுந்துக்கலாம் நைனா. இந்தா, சலவைக்கல்லு வரிசையா கீது பாரு. மேல ஏறாதே, வழுக்கும். அப்பால என்னைத் திட்டாதே."

என் குரல்!

அப்போது மணியைப் பார்த்தேன். இருபத்து நான்காவது நிமிஷம் முடிகிறது. கணேசமூர்த்தி வேகமாகப் படித்ததில் அவன் சரக்கு இருபத்து நான்காவது நிமிஷத்தில் தீர்ந்துபோயிருக்கிறது. முடிந்தது என்று பொத்தானை அணைத்துவிட்டு எழுந்து போயிருப்பான். அவன் பேசாத இடத்தில் நான் அப்படியே இருந்தேன். நான் நடந்து பேசினவன். இவர்களும் நடந்தவர்கள். என்னுடைய இருபத்து நான்காவது நிமிஷத்தில் நான் எங்கே நின்றேனோ அங்கே இவர்கள் நின்றார்கள்.

பதினான்கு பேரும் கல்லைவிட்டுக் குதித்து இறங்கினார்கள்.

"சந்தைத் தாண்டி வெளியே வந்துட்டியா? கடல் காத்தை வலது கன்னத்துல வாங்கிக்கோ. ம். அப்படியே நட."

வாங்கிக்கொண்டு நடந்தார்கள். பெட்டி மூச்சு வாங்கியது. அவர்களும் மூச்சு வாங்கினார்கள். பெட்டி, "பஸ்ஸு வருது, இருங்கோ" என்றது. சத்தியமாகச் சொல்கிறேன், பஸ் வந்தது! பெட்டி மூன்று டொக் கொடுத்தது. அரசமரத்தடிப் பிள்ளையார் முன்னால் பதினான்கு பேரும் குட்டிக்கொண்டார்கள். மாநிலக் கல்லூரி மாநிலக் கல்லூரியாகவே வந்தது. புறா இருக்கும் என்று சொன்ன தூணில் புறா இருந்தது. தங்கபுஷ்பம் டீச்சர் கைதட்டினார்.

இதைத்தான் முதலில் சொன்னேன். என் வாய் ஒட்டிக்கிடந்தது. பக்கத்தில் தேவானையின் சிரிப்பு நின்றுபோயிருந்தது. அவள் என்னைப் பார்க்கவில்லை. பெட்டியைப் பார்த்துக்கொண்டே, நான் எட்டு வைத்தால் எட்டு வைத்து, நடந்து வந்தாள்.

செனட் மண்டபத்து மரநிழலில் மேசை போட்டு டீ வைத்திருந்தார்கள். மாணிக்கவாசகம் பொன்னாடையைப் பிரித்துக் கையில் வைத்திருந்தார். கணேசமூர்த்தி தலையைக் கொஞ்சம் முன்னால் நீட்டி வைத்திருந்தான், போர்த்துவதற்கு வாகாக. பெட்டி பேசிக்கொண்டே வந்து அவர்கள் முன்னால் நின்றது.

"...அவ்ளோதான். வந்துட்டோம். காலு வலிக்குதா? குந்துங்கோ. இத்தினி நேரம் நான் பேசி, நீங்கோ கேட்டு, ஒயுங்கா வந்து சேந்தீங்கோன்னு சொன்னா என் பொண்டாட்டி நம்பாது. நான் இன்னா சொன்னாலும் அது நம்பாது. நல்ல பொம்பளைதான். நான் அப்படிப்பட்ட ஆளு, அது இன்னா பண்ணும்? பரவால்ல. நீங்கோ வந்துட்டீங்கோ இல்ல, அது போதும்."

அப்புறம் வெறும் இரைச்சல். அய்யாதுரை பொத்தானை அமுக்கினார்.

மாணிக்கவாசகத்தின் கையில் பொன்னாடை அந்தரத்தில் நின்றது. "என்ன கணேசமூர்த்தி இது? யார் பேசுகிறது?"

கணேசமூர்த்தி என்னைப் பார்த்தான். நான் அங்கே நிற்பதைப் பார்த்துவிட்டுத்தான் சொன்னான். "தெரியலீங்க ஐயா. பழைய கேசட்டு. யாரோ ரிக்‌ஷாக்காரன் பேசினது கொஞ்சம் ஒட்டிக்கிட்டு இருந்திருக்கு."

முதல் தடவை என்னை ஒரு கடைக்குள் தனியாக உட்கார்ந்து அழித்தான். இது இரண்டாவது தடவை; என் கண்முன்னால். அந்த நாளுக்கு அப்புறம் என்னைப் பாண்டி பஜார் பக்கம் மீட்டர் பார்க்கப் போட்டால்கூட வேறு ஆளோடு மாற்றிக்கொண்டேன். சொதி என்ற பதார்த்தத்தை இன்றுவரை வாயில் வைத்ததில்லை.

"யாராக இருந்தாலும் அவர்தான் சார் எங்களைக் கூட்டிட்டு வந்தார்" என்றார் தங்கபுஷ்பம். "அவரைப் பார்க்கணும் நாங்க. எங்கே இருக்கார் அவர்?"

ஊரெல்லாம் கதை அளந்த வாய் எனக்கு. அன்றைக்கு, "நான்தான்" என்று நாலெழுத்து அதில் வரவில்லை. சொன்னால் பொய் மாதிரி இருக்கும் என்று எனக்கே தோன்றியது. கணேசமூர்த்தி அதை நம்பித்தான் நின்றுகொண்டிருந்தான். மாணிக்கவாசகம் பொன்னாடையை மறுபடியும் அவன் பக்கம் தூக்கினார்.

"இருங்கோ சார், அத்தைப் போடாதீங்கோ."

தேவானை. மேசைக்கு முன்னால் போய் நின்றுவிட்டாள். பேப்பர் கடைச் சேலையின் முந்தானையை இழுத்து இடுப்பில் சொருகினாள்.

"டீச்சரம்மா, அந்த நம்பாத பொண்டாட்டி நான்தான். அதோ நிக்கிறாரே கஞ்சி போட்ட சட்டை, அவரு கொரலு இது. அவரு நடந்தாரு, அவரு பேசினாரு. இந்தாளு கூட நோட்டு எடுத்துக்கினு போனாரு, அவ்ளோதான். எங்க வூட்டுக்காரரு ஒன்பது வருசமா என்கிட்ட சொன்னது அத்தினியும் பொய்யிங்க, டீச்சரம்மா." மூச்சு வாங்கிக்கொண்டு என் பக்கம் திரும்பினாள். "இது ஒண்ணு நடந்துச்சுய்யா. நடந்துச்சு."